இடைவேளை இல்லாத படம்

உலக சினிமாவை ஒரு கை பார்த்துவிடுவது என்று சிவகாசியில் ஒரு கூட்டம் உண்டு. ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாடு முடிந்ததும் ஒரு காகிதக் கிட்டங்கியின் மாடியில் கூடுவார்கள். நாற்காலி கிடையாது. அடுக்கி வைத்த காகிதக் கட்டுகள்தான் இருக்கை. நாம் உட்காரும் கட்டு வார நடுவில் அச்சுக்குப் போய்விட்டால் அடுத்த வாரம் தரைதான்.

கூட்டத்தை நடத்துகிறவர் பியூலா டீச்சர். கல்லூரியில் திரைப்படக் கலை சொல்லித் தருகிறவர், கறாரான ஆள். படம் ஓடும்போது யாருடைய செல்போனாவது மினுங்கினால் எழுந்து போய் வாங்கித் தன் கைப்பையில் போட்டுக்கொள்வார். கெஞ்சினாலும் படம் முடிந்துதான் கிடைக்கும்.

அவருடைய மாணவர்களில் மூத்தவர் தவசிலிங்கம். டீச்சரைவிட வயதில் பெரியவர். ஓர் அச்சகத்தில் நாட்காட்டிகளுக்கு மெய்ப்புத் திருத்துகிறார். அவர் ‘டீச்சர்’ என்பார், டீச்சர் அவரை ‘அண்ணாச்சி’ என்பார். இதில் யார் குரு, யார் சீடர் என்று இரண்டு பேருக்கும் ஒருநாளும் சந்தேகம் வந்ததில்லை.

முதன்முதலாக வந்த அன்று படம் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே குறட்டை விட்டவர் தவசிலிங்கம். டீச்சர் எழுப்பவில்லை. படம் முடிந்ததும், “நீங்க தூங்கினப்ப அந்தக் கிழவர் ஒரு கதவைத் திறந்தாரு. அடுத்த வாரம் வந்து பாருங்க” என்று மட்டும் சொன்னார். தவசிலிங்கம் மறுவாரம் வந்தார். அதற்கப்புறம் ஒரு ஞாயிறும் தவறவில்லை.

இப்போது அவர் உலக சினிமாவைப் பற்றி ஒரு புத்தகம் எழுதி முடித்திருந்தார். பல வருட உழைப்பு.

ஒரு பெருநகரத் திரைப்பட விழாவில் ஆண்டுதோறும் தமிழில் ஒரு சினிமா நூலை மேடையேற்றி வெளியிடுவார்கள். அதற்கு அனுப்பினார். விழாவின் பதிப்பாசிரியர் பரந்தாமன் படித்துவிட்டு, நல்ல எழுத்து, வெளியிடலாம் என்றார். ஆனால் கையெழுத்துப் பிரதி திரும்பி வந்தபோது அதில் சிவப்பு வட்டங்கள் அப்பியிருந்தன. அநேகமாக எல்லா வட்டமும் ஒரே சொல்லைச் சுற்றி: இடைவேளை.

முதல் வட்டத்துக்குப் பக்கத்தில் பரந்தாமன் எழுதியிருந்தார்: ‘தகவல் பிழை. இந்தப் படத்தில் இடைவேளை கிடையாது. எந்த நாட்டுப் பிரதியில் இருக்கிறது?’

அவர் சொல்வது சரிதான். வெளிநாட்டுப் படங்களுக்கு இடைவேளை கிடையாது. தொடங்கினால் முடியும்வரை ஓட்டம்தான். ஆனால் கிட்டங்கியில் உண்டு. டீச்சர் ஒவ்வொரு படத்தையும் வீட்டில் முன்கூட்டியே தனியாகப் பார்த்து, எங்கே நிறுத்துவது என்று தீர்மானித்துக்கொண்டு வருவார். அந்த இடம் வந்ததும் படத்தை நிறுத்தி விளக்கைப் போடுவார். கீழே கடையிலிருந்து டீ வரும். டீ தீரும்வரை சண்டை. படம் நல்லதா கெட்டதா என்று அப்போது யாரும் பேசக்கூடாது. திரையில் நிற்கிற ஆளின் இடத்தில் நீ இருந்தால் என்ன செய்வாய் என்பதை மட்டும்தான் பேச வேண்டும்.

தவசிலிங்கம் அந்தச் சண்டைகளையெல்லாம் எழுதியிருந்தார். அவருடைய ஒவ்வொரு அத்தியாயமும் இடைவேளைக்கு முன், இடைவேளைக்குப் பின் என்றே போகும். அது பிழை என்று அவருக்குத் தோன்றவே இல்லை. அவர் பார்த்த படங்களுக்கெல்லாம் இடைவேளை இருந்ததே.

பிழை என்ற சொல் அவரைச் சுட்டது. நாட்காட்டியில் எமகண்டம் ஓர் இடத்தில் மாறி விழுந்தால் அந்தத் தப்பு வருஷம் முழுக்க ஊரான் வீட்டுச் சுவரில் தொங்கும். அப்படி ஒன்று தன் கையால் நேர்ந்துவிடக் கூடாது என்று பயந்தே வயதைக் கழித்தவர். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். எல்லா இடைவேளையையும் அதன் சண்டையோடு சேர்த்து அடித்தார், முழுக்க அடிபட்ட பக்கங்களை உருவி எடுத்தார்.

சனிக்கிழமை காலையில் டீச்சர் வீட்டுக்குப் போனார்.

“எடுத்துட்டேன் டீச்சர்.”

“எதை அண்ணாச்சி?”

“இடைவேளையை.”

டீச்சர் தாள்கட்டை வாங்கிக் கையில் தூக்கிப் பார்த்தார்.

“மெலிஞ்சிருச்சே.”

“பிழையை எடுத்தா மெலியத்தான செய்யும்.”

“பிழையா?”

“பின்ன? படம் எடுத்தவரு நடுவுல நிறுத்தச் சொன்னாரா? நாமளாத்தான நிறுத்துறோம். தப்புத்தான அது?”

“தப்புதான்.”

டீச்சர் எதிர்த்துப் பேசுவார் என்று எதிர்பார்த்து வந்தவருக்குச் சப்பென்று ஆகிவிட்டது.

“தெரிஞ்சேவா செய்றீங்க?”

“தெரிஞ்சேதான் செய்றேன்.”

“அப்ப நான் எடுத்தது சரிதான?”

டீச்சர் தாள்கட்டைத் திருப்பிக் கொடுத்தார். “மேடையில உங்க பேரைச் சொல்லிக் கூப்பிடுவாங்களா?” என்று கேட்டார்.

“கூப்பிடுவாங்க.”

சொல்லும்போதே தவசிலிங்கத்தின் முகம் மலர்ந்தது. மறைக்க முயன்றார், முடியவில்லை. ஊர் ஊராகப் போகும் தாள்களை வாழ்நாள் முழுக்கத் திருத்தியவர். அதில் ஒரு தாளில்கூட அவர் பெயர் அச்சானதில்லை. அந்த மேடை அவருக்கு வேண்டும். ரொம்பவே வேண்டும்.

“திங்கக்கிழமைக்குள்ள பதில் சொல்லணும் டீச்சர். நீங்க சரின்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும். அனுப்பிருவேன்.”

“நாளைக்குப் படத்துக்கு வாங்க.”

“என்ன படம்?”

“அந்த ரயில்வே ஸ்டேஷன் படம்.”

“அது ஏற்கெனவே போட்டதாச்சே.”

“மறுபடியும் போடுவோம்.”

அது ஒரு பனி தேசத்துப் படம். அடிக்கிற புருஷனிடமிருந்து ஒருத்தி குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியேறுகிறாள். ஸ்டேஷனுக்கு வருகிறாள். கையில் டிக்கெட் இருக்கிறது. எதிரெதிரே இரண்டு தண்டவாளங்கள். ஒன்றில் வருகிற வண்டி தெரியாத ஊருக்குப் போகும். மற்றதில் வருவது அவள் வீட்டுப் பக்கம் திரும்பிப் போகும். பனி கொட்டிக்கொண்டிருக்க, அவள் நடுவில் நிற்பாள்.

போன தடவை டீச்சர் அந்த இடத்தில்தான் நிறுத்தி விளக்கைப் போட்டார். அன்றைய சண்டை கொஞ்சநஞ்சமல்ல. குழந்தையை வைத்துக்கொண்டு அவள் எங்கே போவாள் என்றார்கள் சிலர். போனால்தான் பிழைப்பாள் என்றார்கள் சிலர். நாட்காட்டியின் தலைப்பில் தகரப் பட்டை அடிக்கும் பிரிவில் வேலை பார்க்கும் காளீஸ்வரி மட்டும் டீயைத் தொடவில்லை. எழுந்து நின்று, திரையில் உறைந்திருந்த அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டே, “இவ திரும்பிப் போகக் கூடாது” என்றார்.

இடைவேளை முடிந்து படம் ஓடியது. திரையில் இருந்தவள் வீட்டுப் பக்கம் போகும் வண்டியில் ஏறிவிட்டாள்.

புருஷனிடம் அடி வாங்கித் தாய்வீடு வந்திருந்த காளீஸ்வரியையும் மறுநாள் அவன் வீட்டுக்கே அனுப்புவதாகப் பெரியவர்கள் பேசி முடித்து வைத்திருந்தார்கள். காளீஸ்வரி போகவில்லை. தவசிலிங்கத்தின் அத்தியாயம் அந்த வாக்கியத்தில் முடிந்திருந்தது. காளீஸ்வரியிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதினார். பரந்தாமன் அதையும் வட்டமிட்டு, ‘இது படத்தில் இல்லை’ என்று குறித்திருந்தார். தவசிலிங்கம் அதையும் அடித்திருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை கூட்டம் வழக்கம்போல வந்தது. டீ முன்னதாகவே வந்து தூக்குவாளியில் மூலையில் இருந்தது. காளீஸ்வரி சுவரோரமாக உட்கார்ந்திருந்தார். தவசிலிங்கம் பின்னால், டீச்சருக்குப் பக்கத்தில்.

படம் ஓடியது. நடுவில் தவசிலிங்கத்தின் சட்டைப் பையில் செல்போன் மினுங்கியது. எடுத்துப் பார்த்தார். கூப்பிடுவது பரந்தாமன். பேசுவதா வேண்டாமா என்று தடுமாறுவதற்குள் டீச்சர் கையை நீட்டினார். தவசிலிங்கம் கொடுத்தார். போன் கைப்பைக்குள் போயிற்று.

ஸ்டேஷன் வந்தது. பனி கொட்டியது. அவள் நடுவில் நின்றாள்.

காளீஸ்வரி எழுந்து நின்றார். இடம் தெரிந்தவர் அல்லவா. விளக்கு எரியும் என்று சுவிட்ச் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

டீச்சர் சுவிட்சுக்குப் பக்கத்தில்தான் இருந்தார். கையை மடியில் வைத்துக்கொண்டிருந்தார்.

படம் நிற்கவில்லை. நின்றவளுக்குப் பின்னால் வண்டி ஒன்று வந்தது. குழந்தை அழுதது. அவள் குழந்தையைப் பார்த்தாள், வண்டியைப் பார்த்தாள், ஏறிவிட்டாள். வீட்டுப் பக்கம் போகிற வண்டி. எல்லாம் கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துவிட்டது. போன தடவை அவள் எவ்வளவு நேரம் அங்கே நின்றிருந்தாள் என்று தவசிலிங்கம் யோசித்தார். ஒரு தூக்குவாளி டீ தீரும்வரை நின்றாள். இந்தத் தடவை நிற்கவே இல்லை.

காளீஸ்வரி மட்டும் கடைசிவரை நின்றுகொண்டே பார்த்தார்.

விளக்கு எரிந்தது. ஆட்கள் எழுந்து தாள்கட்டுகளைத் தட்டிவிட்டுச் செருப்பைத் தேடினார்கள்.

“நல்ல படம்.”

“ஒளிப்பதிவு பிரமாதம்.”

“அந்தப் பனி இருக்கே, அப்பப்பா.”

யாரும் சண்டை போடவில்லை. யாரும் டீ குடிக்கவும் இல்லை. படி இறங்கிப் போய்விட்டார்கள். மாடியில் மூன்று பேர்தான் மிச்சம்.

காளீஸ்வரி டீச்சருக்கு முன்னால் வந்து நின்றார். கோபம் அடங்கவில்லை.

“ஏன் டீச்சர் லைட்டைப் போடல?”

“படத்துல இடைவேளை கிடையாதும்மா.”

“இதுக்கு முந்தி போட்டீங்கல்ல?”

“பிழைன்னு சொன்னாங்க. எடுத்தாச்சு.”

“யாரு சொன்னா?”

டீச்சர் தவசிலிங்கத்தைப் பார்த்தார். காளீஸ்வரியும் திரும்பினார். மெய்ப்புத் திருத்தி மெய்ப்புத் திருத்தியே கூர்மையான கண்கள் தவசிலிங்கத்துக்கு. ஆனாலும் அந்தப் பார்வைக்கு நேராக அவரால் பார்க்க முடியவில்லை.

“அன்னைக்கு இப்படி ஒரே மூச்சா ஓட்டியிருந்தீங்கன்னா,” என்றார் காளீஸ்வரி, “அவ ஏறின வண்டியில நானும் ஏறியிருப்பேன் அண்ணாச்சி.”

சொல்லிவிட்டுப் படி இறங்கினார்.

கீழே தெருவில் ஒரு லாரி காகிதம் ஏற்றிக்கொண்டு போகும் சத்தம் கேட்டது. டீச்சர் தூக்குவாளியைத் திறந்து ஆறிப்போன டீயை இரண்டு டம்ளரில் ஊற்றினார். தவசிலிங்கம் வாங்கிக்கொள்ளவில்லை. வெட்கமாக இருந்தது அவருக்கு. வெட்கத்துக்குப் பின்னால் மெல்ல ஒரு கோபமும் வந்தது. முதலில் தன்மேல் வந்தது. பிறகு அந்தச் சிவப்பு வட்டங்கள்மேல்.

“டீச்சர்.”

“சொல்லுங்க.”

“போனைக் குடுங்க.”

டீச்சர் கைப்பையைத் திறந்து எடுத்துக் கொடுத்தார். தவசிலிங்கம் பரந்தாமனைக் கூப்பிட்டார்.

“ஐயா, தவசிலிங்கம் பேசுறேன். நீங்க சொன்ன திருத்தம் முடியாதுங்க.”

“எந்தத் திருத்தம்?”

“இடைவேளை. அது இருக்கட்டும்.”

பரந்தாமன் கெட்ட மனிதர் அல்ல. பொறுமையாகவே பேசினார். “உங்க எழுத்து எனக்குப் பிடிச்சிருக்கு. அதனாலதான் சொல்றேன். விழாவுக்கு அந்தப் படங்களை எடுத்தவங்களே வருவாங்க. இல்லாத இடைவேளையைப் பத்திப் பக்கம் பக்கமா எழுதியிருக்கீங்கன்னு தெரிஞ்சா சிரிப்பாங்க.”

“சிரிக்கட்டுங்க.”

“இதோட மேடையில வெளியிட முடியாது.”

தவசிலிங்கம் போனை மறு காதுக்கு மாற்றினார். அந்த மேடை, ஒலிபெருக்கியில் தன் பெயர், எழுந்து நடந்து போகும் அந்தச் சிறிய தூரம், எல்லாம் ஒருமுறை கண்முன்னால் வந்தது. அவர் எத்தனை தடவை அதை மனசுக்குள் நடந்து பார்த்திருக்கிறார் என்பது அவருக்குத்தான் தெரியும்.

“மேடை வேண்டாங்கய்யா. இங்கயே அச்சடிச்சுக்கிடுறோம். எங்க ஊர்ல மிஷினுக்குப் பஞ்சமில்ல.”

“அந்தப் பொண்ணு கதையையும் போடப் போறீங்களா? அது படத்திலேயே இல்ல.”

“அதுதாங்க அந்த அத்தியாயத்தோட கடைசி வாக்கியம். அடிச்சதை மறுபடி எழுதணும்.”

பரந்தாமன் பெருமூச்சு விட்டார்.

“சரி, உங்க இஷ்டம். ஆனா ஒண்ணு. படிக்கிறவன் கேப்பான். எந்த நாட்டுப் பிரதியில இந்த இடைவேளை இருக்குன்னு கேப்பான். அதுக்காவது ஒரு பதில் எழுதுங்க. இல்லேன்னா அது பிழைதான்.”

தவசிலிங்கம் போனைக் கையால் பொத்திக்கொண்டு டீச்சரைப் பார்த்தார்.

“எந்த நாட்டுப் பிரதின்னு கேக்காரு டீச்சர். என்ன போட?”

டீச்சர் ஆறின டீயைக் குடித்து முடித்து டம்ளரைக் காகிதக் கட்டின்மேல் வைத்தார்.

“சிவகாசிப் பிரதின்னு போடுங்க அண்ணாச்சி.”