அருவிக்குக் குடை

மங்கையம்மாளின் மடம் காவிரிக் கரையில் இருந்தது. அங்கே இருந்தவர்களில் வையாபுரிதான் வயதில் மூத்தவர். குருவான அம்மாவே அவரைவிட இளையவர். அம்மா அவரை அண்ணா என்பார், அவர் அம்மாவை அம்மா என்பார். குருவுக்கும் சீடருக்கும் வயது எதற்கு என்று இருவரும் விட்டுவிட்டார்கள்.

அந்த வருடம் புரட்டாசியில் மடத்துக்காரர்கள் இமயத்துக்குப் போனார்கள். வழிகாட்டியோடு கூட்டிப் போகிற சின்ன யாத்திரை. ஒரு கோயில், கோயிலுக்கு மேலே ஒரு பனியாறு, பனியாற்றுக்குப் பக்கத்தில் ஓர் அருவி. பார்த்துவிட்டுத் திரும்பிவிடலாம். சமையல்காரர் ஊரிலிருந்தே கூட வந்து புளியோதரை கட்டிக் கொடுத்தார். எல்லார் தலையிலும் குரங்குக் குல்லா ஏறியிருந்தது. வையாபுரி மட்டும் குல்லாவோடு தன் கறுப்புக் குடையையும் எடுத்து வந்திருந்தார்.

"அருவிக்குப் போறவங்க துண்டு எடுத்துட்டுப் போவாங்க. நம்ம வையாபுரி ஐயா குடை எடுத்துட்டு வராருங்க" என்றாள் கூட வந்திருந்த கோமளவல்லி.

எல்லாரும் சிரித்தார்கள். வையாபுரியும் சிரித்து வைத்தார். நனைவது அவருக்கு ஆகாது. ஊரில் வானம் லேசாகக் கறுத்தாலே குடையைத் தேடுவார். சளி பிடித்துக்கொள்ளும் என்று காரணம் சொல்வார்.

அதே கோமளவல்லிதான் சாப்பாட்டுப் பந்தியில் அந்தப் பேச்சையும் எடுத்தாள்.

"அந்த அருவித் தண்ணி எல்லார் மேலயும் விழாதாமுங்க. பாவம் பண்ணுனவங்க அடியில போய் நின்னா வெலகிப் போயிருமாம். ஒரு சொட்டு விழாதாம். போன வருசம் போன எங்க நாத்தனார் சொன்னா."

"உங்க நாத்தனார் மேல விழுந்துச்சுங்களா?" என்று யாரோ கேட்டார்கள்.

"அதை அவ சொல்லலீங்க" என்றாள் கோமளவல்லி.

மறுபடி சிரிப்பு. வையாபுரி எடுத்த கவளத்தை இலையிலேயே வைத்துவிட்டார்.

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்று சும்மாவா சொன்னார்கள். அவருக்கு ஒரு தம்பி இருந்தான், செல்வமணி என்று. வேறு சாதியில் பெண் கட்டிக்கொண்டான். அண்ணன் பேச்சை நிறுத்திக்கொண்டார். ஓர் ஐப்பசி மாத அடைமழையில், குடியிருந்த வீட்டுக்குள் வெள்ளம் புகுந்துவிட, தம்பி மனைவியையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு அண்ணன் வீட்டு வாசலில் வந்து நின்றான். கதவைத் தட்டினான். "அண்ணா, அண்ணா" என்று கூப்பிட்டான். உள்ளே வையாபுரி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். எழுந்து போய் டி.வி. சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு வந்து, மறுபடி இலை முன்னால் உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் தட்டுகிற சத்தம் நின்றது.

தம்பி பிறகு வரவில்லை. குளித்தலைப் பக்கம் இருக்கிறான் என்று மட்டும் தெரியும். அந்தக் கதவை மறக்கத்தான் வையாபுரி மடத்துக்கு வந்து சேர்ந்தார். விளக்கேற்றினார், வாசல் பெருக்கினார், வருகிறவர்களுக்குச் சோறு போட்டார். மடத்துக்கு வருகிறவர்கள் அம்மாவின் காலில் விழுந்த கையோடு அவர் காலிலும் விழுந்தார்கள். கதவு மட்டும் மறக்கவில்லை. இதை அவர் யாரிடமும் சொன்னதில்லை, அம்மாவிடமும் சொன்னதில்லை.

இப்போது பயம் வந்துவிட்டது. இத்தனை பேர் பார்க்க அருவிக்கு அடியில் நிற்க வேண்டும். தண்ணீர் விலகிப் போய்விட்டால் ஊர் முழுக்கத் தெரிந்துவிடும். கோமளவல்லியின் வாயை மூட எந்த உலைமூடியும் போதாது.

பயத்துக்குள்ளேயே ஓர் ஆசையும் இருந்தது. விழுந்துவிட்டால்? விழுந்துவிட்டால் எல்லாம் தீர்ந்தது. அந்தக் கதவைப் பற்றி இனி நினைக்கவே வேண்டாம்.

காலையில் டீக்கடை அடுப்போரம் அம்மா குளிர்காய்ந்துகொண்டிருந்தார். வையாபுரி பக்கத்தில் போய் நின்றார்.

"அம்மா, அந்த அருவி விசயம் நெசந்தானுங்களா?"

"எந்த விசயம்?"

"பாவம் பண்ணுனவங்க மேல தண்ணி விழாதுங்கறது."

"யாருக்காகக் கேக்கறீங்கண்ணா?"

"சும்மா, பொதுவாத்தானுங்க."

"பொதுவாக் கேட்டா எனக்குத் தெரியாதுங்க" என்று அம்மா டீயை ஊதிக் குடித்தார்.

வழிகாட்டி தீவான் சிங் அந்த மலைக்காரர். தமிழ்க் கூட்டங்களைக் கூட்டிப் போய்ப் போய்க் கொஞ்சம் தமிழும் கற்றிருந்தார். புறப்படுமுன் எல்லாரையும் நிறுத்திச் சொன்னார்.

"நான் முன்னாடி. ஒருத்தரும் என்னைத் தாண்டக் கூடாது. வெயில் ஏறினா மேலே ஐஸ் இளகும், கல்லு உருளும். அருவி கிட்டே ஒருத்தர் ஒருத்தரா போறது. நான் விசில் அடிச்சா திரும்பி வந்துடணும். அருவியிலே குடை விரிக்கக் கூடாது, காத்து ஆளையே தூக்கிடும்."

கடைசி வார்த்தையை வையாபுரியைப் பார்த்தே சொன்னார்.

பனியாற்றை ஓரமாக இருந்து பார்த்தார்கள். வெள்ளை வெளேரென்று இருக்கும் என்று நினைத்தவர்களுக்கு ஏமாற்றம். மண்ணும் கல்லும் மூடி அழுக்காகக் கிடந்தது. வெடித்த இடங்களில் மட்டும் உள்ளே நீலம் தெரிந்தது. அடியில் எங்கோ தண்ணீர் ஓடுகிற சத்தம் கேட்டது. திடீரென்று ஏதோ முறிகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. தீவான் சிங் மேலே பார்த்தார், வெயிலைப் பார்த்தார், நடங்கள் என்று கை காட்டினார்.

போகிற வழியில் ஓர் ஓடை குறுக்கிட்டது. எல்லாரும் தாண்டிப் போகும்வரை வையாபுரி பின்தங்கினார். செருப்பைச் சரிசெய்கிற மாதிரி குனிந்து, பையிலிருந்த பாட்டிலில் ஓடைத் தண்ணீரை நிரப்பி, சட்டைக்குள் இடுப்பில் செருகிக்கொண்டார். தண்ணீர் விலகிப் போனால் யாரும் பார்க்காமல் தலையில் கவிழ்த்துக்கொள்ளலாம். அருவிப் புகையில் யாருக்குத் தெரியப்போகிறது?

நிமிர்ந்தார். ஓடைக்கு அந்தப் பக்கம் அம்மா நின்றிருந்தார்.

"தாகமாங்கண்ணா?"

"ஆமாங்கம்மா."

"அப்பக் குடிக்கலாமே."

"அப்புறமாக் குடிச்சுக்கறேனுங்க."

அம்மா திரும்பி நடந்தார். மடியில் கனம், வழியில் பயம் என்பார்கள். வையாபுரிக்குக் கனம் இடுப்பில் இருந்தது, பயம் வழி நெடுக வந்தது.

அருவி வெகு உயரத்தில் பாறை விளிம்பிலிருந்து குதித்தது. குதித்த தண்ணீர் முழுதாகத் தரைக்கு வரவில்லை. பாதி வழியிலேயே காற்று அதைப் பிடித்து உதறித் தூவியது. ஒருமுறை இந்தப் பக்கம் விழுந்தது, ஒருமுறை அந்தப் பக்கம். அடியில் ஒரு தட்டைப் பாறை இருந்தது. அதில் ஒவ்வொருவராகப் போய் நின்று கைகூப்ப வேண்டும்.

முதலில் கோமளவல்லி போனாள். காற்று அவள் பக்கம் திரும்பியது. நன்றாக நனைந்து, தன் பாவமெல்லாம் போனது போலச் சிரித்துக்கொண்டு வந்தாள். சமையல்காரர் போனார், நனைந்தார். ஒவ்வொருவராகப் போனார்கள், ஈரத்தோடு வந்தார்கள். ஒவ்வொருவர் நனையும்போதும் வையாபுரிக்கு, எல்லாரும் நல்லவர்கள், மிச்சம் இருப்பது நான்தான் என்று தோன்றியது.

"அடுத்து யாருங்க? ஐயா, போங்க" என்றாள் கோமளவல்லி.

"அம்மா போகட்டுங்க" என்று பின்வாங்கினார் வையாபுரி.

அம்மா போனார். பாறையின் நடுவில் நின்று கைகூப்பினார். காற்று நின்றது போல இருந்தது. பிறகு வீசியது, எதிர்ப் பக்கமாக. தண்ணீர்த் தூவல் அப்படியே ஒதுங்கிப் போய் அந்தப் பக்கத்துப் பாறையை நனைத்தது. அம்மா நின்றார். தூவல் அவர் பக்கம் வரவே இல்லை. தீவான் சிங் விசில் அடித்தார். அம்மா கண்ணைத் திறந்து, பாறையிலிருந்து இறங்கி வந்தார். சேலை காய்ந்திருந்தது. முகத்தில் ஒரு துளி இல்லை.

கோமளவல்லி அம்மாவின் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்தாள். சமையல்காரர் தொண்டையைச் செருமினார். பின்னால் யாரோ யார் காதிலோ ஏதோ சொன்னார்கள்.

"சாமி, நீ கடைசி. ஜல்தி, வேகமா" என்றார் தீவான் சிங். அவர் பார்வை மேலே பனி விளிம்பில் இருந்தது. வெயில் அங்கே வந்துவிட்டது.

வையாபுரி பாறைமேல் ஏறினார். கை இடுப்பில் இருந்த பாட்டிலைத் தொட்டது. கவிழ்த்துக்கொண்டால் தான் புண்ணியவான், அம்மா பாவி என்று ஆகிவிடும். கையை எடுத்துவிட்டார். பந்தியில் அந்தப் பேச்சைக் கேட்டதிலிருந்து விழ வேண்டும், விழ வேண்டும் என்று வேண்டிக்கொண்டு வந்தவர், இப்போது கண்ணை மூடிக்கொண்டு, விழாதே, விழாதே என்று வேண்டினார். நானும் காய்ந்தே திரும்புகிறேன், அம்மாவோடு சேர்ந்து நானும் பாவியாக இருந்துவிட்டுப் போகிறேன்.

கொட்டிவிட்டது. காற்று அருவியை மொத்தமாகத் தூக்கி வந்து அவர் தலைமேல் போட்டது. குல்லா, சட்டை, வேட்டி, எல்லாம் தொப்பலாக நனைந்தன. மூச்சு முட்டியது. விசில் சத்தம் கேட்டுத் தடுமாறி இறங்கினார்.

கோமளவல்லி ஓடி வந்து அவர் ஈரக் காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

"பாத்தீங்களா? ஐயா மேல எப்படிக் கொட்டுச்சு பாத்தீங்களா?"

இதற்குத்தான் ஆசைப்பட்டார். கிடைத்தபோது நெஞ்சு எரிந்தது.

தீவான் சிங் கூட்டத்தைத் திருப்பி, கல் உருளாத மேட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். எல்லாரும் புளியோதரைப் பொட்டலத்தைப் பிரித்தார்கள். அம்மா தள்ளி ஒரு கல்லில் தனியாக உட்கார்ந்திருந்தார். அன்று அவர் பக்கத்தில் இடம் பிடிக்க யாரும் முந்தவில்லை. வையாபுரி குளிரில் பல் தந்தியடிக்க, குடையை அந்தக் கல்லில் சாய்த்துவிட்டு அவர் முன்னால் போய் நின்றார்.

"அம்மா."

"நல்லா நனைஞ்சுட்டீங்களேண்ணா."

"அது காத்துங்கம்மா. நீங்க நின்னப்பக் காத்து அந்தப் பக்கம் திரும்பிருச்சு. அவ்வளவுதானுங்க. இவங்களுக்கெல்லாம் புத்தியில்லைங்க."

"எனக்குக் காத்து. சரி. உங்களுக்கு?"

வையாபுரி வேட்டி நுனியைப் பிழிந்தார்.

"தாகமா இருக்குதுங்க. அந்தப் பாட்டிலைக் குடுங்க" என்றார் அம்மா.

அவர் சட்டைக்குள் கைவிட்டு எடுத்துக் கொடுத்தார். அம்மா பாதியைக் குடித்தார்.

"நல்ல தண்ணி. இதை வேற எதுக்கோ வெச்சிருந்தீங்க போல."

வையாபுரி நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டார். எல்லாம் சொன்னார். தம்பியைச் சொன்னார், அந்தப் பெண்ணைச் சொன்னார், கதவைச் சொன்னார், டி.வி. சத்தத்தைக் கூட்டி வைத்ததையும் சொன்னார். சொல்லும்போது அழுதார். அருவிச் சத்தத்தில் அது மற்றவர்களுக்குக் கேட்கவில்லை.

அம்மா கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்.

"அன்னைக்கு அந்த மழை யார் மேல பெஞ்சுச்சுங்கண்ணா?"

"தம்பி மேலங்க. அவன் கட்டுன புள்ள மேல. கைக்குழந்தை மேல."

"உங்க மேல?"

வையாபுரி குனிந்து தன் ஈர வேட்டியைப் பார்த்தார்.

"ஒரு சொட்டு விழலீங்கம்மா."

மேலே எங்கோ பனி முறிகிற சத்தம் கேட்டது. தட்டைப் பாறைக்குப் பக்கத்தில் சில கற்கள் உருண்டு விழுந்தன. தீவான் சிங் எழுந்து நின்று பார்த்துவிட்டு, கிளம்பலாம் என்று எல்லாருக்கும் கை காட்டினார்.

அம்மா பாட்டிலை மூடி அவரிடம் கொடுத்தார். கல்லில் சாய்த்து வைத்திருந்த கறுப்புக் குடையை மட்டும் கொடுக்கவில்லை. தானே ஊன்றிக்கொண்டு எழுந்தார்.

"தம்பி வீட்டு வாசல்ல மழைக்கு ஒதுங்கச் சார்ப்பு ஏதாச்சும் எறக்கியிருக்காங்களா?"

"தெரியாதுங்கம்மா. நான் அந்த வாசலுக்குப் போனதே இல்லீங்க."

"நாம ஊர் போய்ச் சேரும்போது ஐப்பசி பொறந்துரும். இந்தக் குடை என்கிட்ட இருக்கட்டுங்கண்ணா. நீங்க அந்த வாசலுக்குப் போயிட்டு வந்து வாங்கிக்கலாம்."