ராஜா கழுத்துக்குத் தெரிஞ்ச வார்த்தை

இல்லடி முத்துலட்சுமி, நீ சொல்றது தப்பு. ஒத்தை வார்த்தைக்காக ஒரு ஆளை நாடு கடத்துவாங்களான்னு சிரிக்கிறியே, கடத்தத்தான் பாத்தாங்க. முழுசாக் கேளு, அப்புறம் சிரி.

ரொம்பக் காலத்துக்கு முன்னாடி வேங்கைப்பட்டணத்தை சுந்தரகண்டன்னு ஒரு ராஜா ஆண்டுக்கிட்டிருந்தாரு. நல்ல மனுஷன்தான், ஆனா நெனச்சா நெனச்சதுதான். காக்கா கத்துறது சுருதியில இல்லேன்னு அதுக்கு ஒரு பாட்டு வாத்தியாரை வச்சவரு. அந்த வாத்தியாரு, பாவம், கடைசியில அவரு பாடினாலே தெருக் காக்காயெல்லாம் கூடிடும். சரி, அதை விடு.

ராஜா புதுசா ஒரு சபா மண்டபம் கட்டிக்கிட்டிருந்தாரு. சுவரெல்லாம் எழும்பியாச்சு, மேல் தளம் மட்டும் பாக்கி. "தளம் கண்ணாடி மாதிரி மட்டமா இருக்கணும்"னு அரண்மனைப் பண்டிதர் சிந்தாமணியார் யோசனை சொன்னாரு. கொத்தனார் வெள்ளைக்கண்ணு குறுக்கே வந்து, "மகாராஜா, தளத்தை வாட்டமாப் போடணுங்க"ன்னாரு.

"வாட்டமாவா? அப்படின்னா?"

கொத்தனாரு வாயைத் திறக்கறதுக்குள்ள பண்டிதர் முந்திக்கிட்டாரு. அவருக்கு மந்திரி அழகியநம்பி மேல ரொம்ப நாளா ஒரு எரிச்சல். கொத்தனாரு மந்திரி சிபாரிசுல வந்த ஆளு. விடுவாரா?

"எந்த நிகண்டுலயும் இல்லாத வார்த்தை, மகாராஜா! வாயில வந்ததைச் சொல்லி உங்களை ஏமாத்துறான்."

ராஜாவுக்கு ரோஷம் வந்துடுச்சு. "எனக்குத் தெரியாத வார்த்தை என் நாட்டுல எதுக்கு? இனிமே அதைச் சொல்றவன் நாட்டை விட்டே போகணும். முதல்ல இவன்!"

மந்திரி எழுந்து நின்னாரு. "மகாராஜா, அதுக்கு அர்த்தம் இருக்கு. லேசாச் சாய்வா..."

"அப்ப சாய்வான்னே சொல்லேன்?"ன்னாரு பண்டிதர்.

"வெறும் சாய்வு இல்லய்யா, வசதியா..."

"அப்ப வசதியான்னு சொல்லு!"

சபையே சிரிக்குது. ராஜா கையைத் தட்டி, "நாளைக்குள்ள எனக்குப் புரிய வையும். இல்லேன்னா கொத்தனாரோட நீரும் மூட்டையைக் கட்டும்"னுட்டாரு.

மந்திரிக்குத் தன் மூட்டையைப் பத்திக் கவலை இல்ல. அவரு வீட்டுக்காரி பொன்னாத்தா பிள்ளை பெத்தது அடைமழையில. ஊரு பூரா கூரை ஒழுகுது, வெள்ளைக்கண்ணு போட்ட இவரு வீட்டுத் தளம் மட்டும் ஒரு சொட்டு விடல. தாயும் பிள்ளையும் நனையாமக் கிடந்தாங்க. அந்த மனுஷனைக் காப்பாத்தலேன்னா நான் என்ன மந்திரின்னு சோறு தண்ணி இல்லாம உக்காந்திருந்தாரு.

"சும்மா உக்காந்திருக்கிறதுக்கு இந்தச் சோத்தை வடியுங்களேன்"னு பொன்னாத்தா கூப்பிட்டா. அவளுக்கு மந்திரின்னா என்ன, மகாராஜான்னா என்ன? இவரு பானையைக் கவுத்தாரு. கஞ்சியோட சோறும் சேந்து கொட்டுது.

"ஐயோ, வாட்டமாப் பிடிங்க!"

டக்குனு கை தானாத் திரும்புச்சு. கஞ்சி மட்டும் நூலா இறங்குது. மந்திரி பானையையே பாத்தாரு, அப்புறம் பொண்டாட்டியைப் பாத்தாரு. "நீ தெய்வம்டி!"

"தெய்வம் அப்புறம், முதல்ல சிந்துனதைத் துடைங்க."

ராஜாவுக்குச் சபையிலயே உக்காந்து சவரம் பண்ணிக்கிற பழக்கம். மறுநாள் மந்திரி அரண்மனை நாவிதர் மருதப்பனைத் தனியாக் கூப்பிட்டு, "உத்தரவு தெரியுமில்ல மருதப்பா? அந்த வார்த்தை உன் வாயில வரவே கூடாது"ன்னாரு. அவரும் பயந்து போயி, "சரிங்க சாமி"ன்னுட்டாரு.

ரெண்டு கன்னமும் ஆச்சு. இனிமே கழுத்து. "கழுத்தைக் காட்டுங்க மகாராஜா"ன்னாரு மருதப்பன். ராஜா விறைப்பாக் காட்டினாரு. தாடைக்கு அடியில கத்தி போகல. "கொஞ்சம் தூக்குங்க." ராஜா விட்டத்தைப் பாத்தாரு. "அப்படி இல்லீங்க."

"சாய்வான்னு சொல்லுடா!"ன்னு பண்டிதர் எடுத்துக் கொடுத்தாரு. மருதப்பனும் சொன்னாரு. ராஜா சாஞ்சாரு பாரு, திண்டோட மல்லாந்து விழுந்தாரு! "வசதியான்னு சொல்லு!" ராஜா காலை நீட்டிப் படுத்துக் கொட்டாவி விட்டாரு. கழுத்துல பாதி நுரை, பாதி முடி. அந்தப் பக்கம் சபையே வாயைப் பொத்திக்கிட்டு நிக்குது.

"அடேய்! தினமும் என்னமோ சொல்லுவியே, அதைச் சொல்லித் தொலையேன்!"

"சொன்னா நாடு கடத்திடுவீங்களே, மகாராஜா!"

"மாட்டேன், சொல்லுடா!"

"வாட்டமாக் காட்டுங்க மகாராஜா."

அவ்வளவுதான். ராஜா கழுத்து தானாத் திரும்பி, தானாச் சாஞ்சு நின்னுச்சு. கத்தி வழுக்கிக்கிட்டுப் போச்சு, ஒரு கீறல் இல்ல.

மந்திரி கும்பிட்டுச் சொன்னாரு: "உங்க காதுதான் அதைக் கவனிக்கல. கழுத்துக்கு நல்லாத் தெரியும். கத்தி ஓடத் தோதா உங்க கழுத்து நின்ன மாதிரி, தண்ணி ஓடத் தோதா தளம் நிக்கணும்கிறாரு வெள்ளைக்கண்ணு. எதுக்காகச் சாயுதோ, அதுக்குத் தக்கபடி சாயுறது. அதுதான் அர்த்தம்."

ராஜா கழுத்தைத் தடவிப் பாத்துக்கிட்டாரு. அப்புறம் மருதப்பன் கையைப் பிடிச்சுக்கிட்டாரு. "தினமும் கழுத்துல கத்தி வச்சு என்னை உசுரோட அனுப்புறே. ஒரு நாளாவது நான் உனக்கு நன்றின்னு சொல்லியிருக்கேனா?" மருதப்பனுக்குக் கண்ணு கலங்கிடுச்சு. கொத்தனாரையும் கூப்பிட்டுத் தன் சால்வையைப் போத்தி, "உம்ம இஷ்டப்படியே தளத்தைப் போடும்"னாரு.

"பண்டிதரே, உமக்கும் ஒரு வேலை. தளம் போட்டதும் தண்ணி ஊத்தி ஓட்டம் பாப்பாங்களாம். அந்தத் தண்ணியை நீர்தான் சுமக்கணும்."

தளம் காஞ்சுது. பண்டிதர் குடத்தை இடுப்புல வச்சாரு, வழுக்குது. வயித்துல முட்டுக் கொடுத்தாரு, வேட்டியெல்லாம் தண்ணி. பாதிப் படியில நின்னு கத்துனாரு: "யோவ், குடம் வாட்டமா நிக்கலையேய்யா!"

கீழேருந்து ராஜா கேட்டாரு, "இப்ப நிகண்டுல சேத்துக்கலாமா, பண்டிதரே?"

சிரிப்பு அடங்கினப்புறம் வெள்ளைக்கண்ணு அந்தத் தண்ணியை ஊத்துனாரு. அது எங்கயும் தேங்காம ஓடி மூலைக் குழாய் வழியா இறங்குச்சு. மந்திரி கீழ நின்னு ரெண்டு கையாலயும் ஏந்திக் கண்ணுல ஒத்திக்கிட்டாரு. "என் பிள்ளையை நனைய விடாத கை உம்ம கை"ன்னாரு. மேல நின்ன கொத்தனாரு கரண்டியைத் துடைக்கிற சாக்குல முகத்தைத் துடைச்சுக்கிட்டாரு.

என்னது, தூறல் போடுதா? ஏ முத்துலட்சுமி! மாடியில வடகம் காயுது, துணியோட சுருட்டி உள்ள கொண்டா, ஓடு!