எறும்பு தொடாத சர்க்கரை

தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்ற பயம் தேவசேனைக்கு. அழகாகச் சொன்னால் குரு சரி என்றுவிடுவார். பயமுறுத்திச் சொன்னால் வேண்டாம் என்பார். மலையேறி ஆசிரமம் வந்து சேரும்வரை மனதுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்தாள். சரியாக வரவில்லை.

குரு பூரணியம்மா அவளைவிட ஒன்பது வயது இளையவர். சமையற்கட்டின் பின்படியில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"உக்காருங்கக்கா. நீங்க நிக்கிறதப் பாத்தா எனக்குக் கால் வலிக்குது."

உட்கார்ந்தாள். எழுந்தாள். மறுபடி உட்கார்ந்து சொன்னாள். புல், பூச்சி, மனிதன், கிருமி, எந்த உயிரானாலும் அதன் நுண்துகள்களுக்கு இடக்கை வலக்கைபோல ஒரு பக்கம் உண்டு; எல்லா உயிருக்கும் அதே பக்கம்தான். அவளுடைய ஆய்வுக்கூடத்தில், கண்ணாடியில் தெரிவதுபோல் எல்லாவற்றையும் இடம் வலம் மாற்றி ஒரு கிருமியைச் செய்கிறார்கள். பதினோரு வருட உழைப்பு. திங்கட்கிழமை கடைசிப் படி. அவள் கையெழுத்துப் போட்டால் அதற்கு உயிர் வந்துவிடும். அது மருந்து செய்து தரும். அந்த மருந்தை உடம்பு அடையாளம் காணாது, அதனால் கரைக்காது, நாள்பட நின்று வேலை செய்யும். ஆபத்து என்கிறவர்களும் இருக்கிறார்கள். அவளுக்குத் தூக்கம் போய் இரண்டு மாதம் ஆகிறது.

கைப்பையிலிருந்து ஒரு குப்பியை எடுத்து நீட்டினாள். இடம் வலம் மாற்றிய சர்க்கரை. நாக்குக்கு இனிக்கும், உடம்பில் சேராது. குருவுக்குச் சர்க்கரை வியாதி.

"ஆறு வருஷமா கசப்புக் காப்பி குடிக்கிறேன். இப்பத்தான் கண்ணுல காட்டுறீங்க" என்றார் குரு.

ஒரு சிட்டிகை வாயில் போட்டுச் சிரித்தார். பிறகு உள்ளேயிருந்து சாதாரணச் சர்க்கரையும் எடுத்துவந்து, துவைக்கிற கல்லின்மேல் இரண்டையும் தனித்தனியாகக் கொட்டினார். மறுபடி கீரைக்குத் திரும்பிவிட்டார்.

தேவசேனை நான்கு முறை போனைப் பார்த்தாள். எறும்புகள் வந்தன. ஒரு குவியலை மொய்த்தன. மற்றதை முகர்ந்துவிட்டு விலகிப் போயின. மொய்த்த எறும்புகளை ஓர் ஓணான் நக்கித் தின்றது. ஓணானைக் காகம் விரட்டியது. வெயில் ஏறியபோது ஒரு குவியல்தான் மிச்சம்.

"பாத்தீங்களாம்மா? அதை எதுவும் தொடல. யாருக்கும் கெடுதல் இல்ல."

"ஆமாக்கா. வெச்ச எடத்துலயே கெடக்கு. அந்தக் கிருமியும் இப்படிக் கெடக்குமா?"

"இல்லம்மா. அது பெருகும்."

"பெருகினா யாரு தின்பா?"

பூட்டிவைத்திருப்போம், நாங்கள் கொடுக்கும் தீனி இல்லாமல் வாழாதபடி செய்வோம் என்று தொடங்கினாள். மண்ணில் கிருமிகளைத் தின்று குறைக்கும் சின்ன உயிர்கள் நினைவுக்கு வந்தன. எறும்பு அந்தச் சர்க்கரையை விட்டதுபோல, இந்தக் கிருமியை அவற்றால் தின்ன முடியாது. பாதியில் நிறுத்தினாள்.

"ஒடம்புக்குள்ள போயிட்டா?"

"ஒடம்பு அதை அடையாளம்..."

சற்றுமுன் பெருமையாகச் சொன்ன வார்த்தை. இப்போது முடிக்க முடியவில்லை. முந்தானை நுனியைச் சுருட்டினாள், பிரித்தாள்.

"கையெழுத்துப் போடலாமா, கூடாதா? நீங்களே சொல்லிடுங்கம்மா."

"நான் சொல்லி நிறுத்தினா, நாளைக்கு வேற யாராவது சொல்லித் தொடங்கிடுவீங்கக்கா."

குரு கீரையை அள்ளிக்கொண்டு உள்ளே போனார்.

தேவசேனை கல்லின்மேல் மிஞ்சிக் கிடந்த சர்க்கரையைக் குப்பியில் அள்ளி மூடினாள். பிறகு ஆய்வுக்கூடத்தில் தனக்கு அடுத்த பொறுப்பில் இருந்த சகாயராஜைப் போனில் கூப்பிட்டாள். கிருமி இல்லாமல் மருந்தை மட்டும் வேதிமுறையில் செய்வோம், உயிராக எதுவும் வேண்டாம் என்றாள். கிருமிக்கென்று குளிர்பெட்டியில் சேர்த்துவைத்த பாகங்களை இன்றே எரித்துவிடச் சொன்னாள்.

பதினோரு வருஷம் மேடம் என்றார் அவர். பிறகு, யார் சொல்லி இந்த முடிவு என்று கேட்டார்.

"யாரும் சொல்லல" என்றாள் தேவசேனை. "நானாத்தான்."