ஆற்றுக்குள்ளே இறங்கிய கிணறு

முன்னொரு காலத்தில் வெண்மணல் நாட்டைச் செண்பகமாறன் என்றொரு ராஜா ஆண்டு வந்தான். நல்லவன்தான், ஆனால் நினைத்தது நினைத்த மாத்திரத்தில் நடக்க வேண்டும். அவனுக்கு ஆற்றின் மேல் ஒரு பாலம் வேண்டியிருந்தது. மூன்று முறை தூண் கட்டினார்கள். மூன்று முறையும் வெள்ளம் அடிமணலை அரித்துத் தூணைக் குப்புறத் தள்ளியது. "ஒரு தூணை நிற்கவைப்பவருக்குக் கேட்டதைத் தருவேன். விழுந்தால் குடும்பத்தோடு நாட்டை விட்டே போக வேண்டும்!" என்று தண்டோரா போடச் சொன்னான்.

கிணறு வெட்டிப் பிழைக்கும் பூவாயி சபைக்கு வந்தாள். "ஆத்துக்குள்ள ஒரு கிணறு இறக்குறேன் மகாராஜா. அது மேல தூணைக் கட்டலாம்."

பிரதானி கனகராயர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "ஆற்றிலே தண்ணீர் போதாதென்று கிணறு வெட்டுகிறாளாம்!"

"தண்ணிக்கு இல்லீங்க ஐயா, ஆழத்துக்கு. வெள்ளம் அரிக்கிற மணலைத் தாண்டிக் கெட்டித் தரையில போய் உக்காரணும்."

கோடையில் மணல்திட்டின் மேல் இரும்பு விளிம்பு வைத்த மரவளையத்தைப் போட்டாள். அதன்மேல் வட்டமாகச் செங்கல் சுவர் எழுப்பினாள். உள்ளே ஆட்கள் மணலை அள்ள அள்ள, சுவர் தன் கனத்தாலேயே இறங்கியது. இறங்க இறங்க மேலே கட்டினாள். குழியை வெட்டிவிட்டுச் சுவர் கட்டுவதைத்தான் ஊர் பார்த்திருக்கிறது. இவள் சுவரைக் கட்டியல்லவா பூமிக்குள் அனுப்பினாள்! எப்பேர்ப்பட்ட மூளை!

இருபத்தைந்தாம் நாள் கிணறு சாய்ந்தது. ஒரு பக்கம் களிமண்ணில் மாட்டிக்கொள்ள, மறு பக்கம் மணலில் புதைந்துவிட்டது. பூவாயி சாய்ந்த சுவரைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்தாள். பிள்ளைகளை இழுத்துக்கொண்டு எந்தத் தேசத்துக்குப் போவாள்?

"ஏழு நாள்ல நிமித்திடுறேன் மகாராஜா."

"ஏதோ கண்கட்டு வித்தை காட்டப் பார்க்கிறாள்!" என்றார் கனகராயர்.

பூவாயி அவருடைய பரிவாரத்தைப் பார்த்தாள். இருபது சேவகர்கள், பல்லக்கு, கல் ஆசனம். இவை இல்லாமல் அவர் வாசலைக்கூடத் தாண்டமாட்டார்.

"சந்தேகம்னா ஐயாவே காவல் இருங்க. அந்த உசந்த பக்கத்துல உக்காந்தா எல்லாம் தெளிவாத் தெரியும்."

உயரம் என்றதும் பிரதானிக்கு உச்சி குளிர்ந்தது. சுவர்மேல் பலகை விரித்து, ஆசனம், ஆட்கள், அரிசி மூட்டைகளோடு அமர்ந்துவிட்டார். அவர் உட்கார்ந்த பக்கத்துக்கு அடியிலேயே பூவாயி களிமண்ணை வெட்டி எடுத்தாள். அடியில் பிடிப்பு இல்லை, மேலே அத்தனை பாரம். அந்தப் பக்கம் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. ஏழாம் நாள், நேர் பார்க்கக் கயிற்றில் தொங்கவிட்ட தூக்குக்குண்டு சுவரை ஒட்டி நின்றது.

"பாரத்துக்குக் கல்லை ஏற்றியிருக்கலாமே?" என்றான் ராஜா.

"ஏத்தியிருக்கலாம். ஆனா கல்லு சாட்சி சொல்லுமா மகாராஜா? ஐயாதானே கண்ணால பாத்தாரு!"

கனகராயர் தலையைக் குனிந்துகொண்டார்.

கிணறு கெட்டித் தரையைத் தொட்டது. அடியைச் சுண்ணாம்புக் கலவையால் அடைத்து, உள்ளே மணல் நிரப்பி, மேலே கல் மூடி போட்டுத் தூணை எழுப்பினாள். ஐப்பசியில் கரை புரண்டு வெள்ளம் வந்தது. தூண் அசையவே இல்லை. கரையில் நின்ற ராஜா, தன்னை மறந்து அவளைக் கையெடுத்துக் கும்பிட்டான்.

"என்ன வேண்டும் பூவாயி? கேள்!"

"பாலத்துக்கு இன்னும் பதினோரு கிணறு இறக்கணும் மகாராஜா. பிரதானி ஐயாவை எங்கூட அனுப்பி வையுங்க."