பிரமிடுக்குள் போக ஒரு மந்திரி

முன்னொரு காலத்தில் வேங்கைமங்கலம் என்ற நாட்டை வல்லபராயன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். எதைப் பற்றிக் காதில் விழுந்தாலும் அது உடனே தனக்கு வேண்டும் என்பான். போன வருஷம் ஒட்டகச்சிவிங்கி கேட்டான். அதன் கழுத்துக்காக அரண்மனைக் கூரையில் போட்ட ஓட்டை வழியே இன்னும் மழை கொட்டிக்கொண்டிருந்தது.

இந்த வருஷம் எகிப்துக்குப் போய்வந்த கப்பல் வணிகர் மீரான் மரைக்காயர் சபையில் பிரமிடைப் பற்றிச் சொல்லிவிட்டார். போதாதா?

"அடியில் நாலு பக்கம், உச்சியில் ஒரே முனை, மலை மாதிரிக் கல் கட்டடம் மகாராஜா! ஒன்று முடிய இருபது வருஷம் ஆகுமாம். எல்லாம் ராஜாவைப் புதைக்கத்தான்."

"செத்தவருக்கு எதற்கய்யா அவ்வளவு பெரிய வீடு?" என்றான் ராஜா.

"செத்த பிறகும் ராஜா வாழ்வார் என்று அவர்கள் நம்பிக்கை. உடம்பை உப்பில் உலர்த்தி, துணி சுற்றி, சாப்பாடு, கட்டில் எல்லாம் கூடவே வைப்பார்கள். ஆதியில் ஏவலாளர்களையும் சேர்த்துப் புதைத்தார்களாம். அப்புறம் அவர்களுக்குப் பதில் பொம்மை வைத்தார்கள்."

கடைசி வாக்கியம் தளவாய் குஞ்சிதபாதத்தின் காதில் ஏறவில்லை. மந்திரி அம்பலவாணரைக் கண்டாலே அவருக்குப் பத்து வருஷமாக வயிற்றெரிச்சல்.

"மகாராஜா, மறுமையில் உங்களுக்கு ஆலோசனை சொல்ல மந்திரியாரை விட்டால் யார்? பிரமிடு முடிகிறவரை எதற்குக் காத்திருக்க வேண்டும்? இப்போதே உப்பில் போட்டுவைத்தால் அதற்குள் பதமாகிவிடுவார்!"

"பேஷ்! வெள்ளிக்கிழமை போட்டுவிடுங்கள்" என்றான் ராஜா.

அம்பலவாணருக்கு வீட்டு ஞாபகம் வந்தது. வீட்டில் மனைவி பாகற்காய்க் குழம்பு வைத்திருப்பாள். வாழ்நாளில் முதல்முறையாக அதைச் சாப்பிட ஆசை வந்தது.

"என் பாக்கியம் மகாராஜா. ஆனால் முறை தவறக்கூடாது. மரைக்காயரே, உப்பில் போடுவதற்கு முன்னால் என்ன செய்வார்கள்?"

மரைக்காயர் தயங்கினார். "மூக்கு வழியாகக் கொக்கியை விட்டு மூளையை எடுத்து எறிந்துவிடுவார்கள். அதனால் பயனில்லை என்று எண்ணம். இதயத்தைத்தான் பத்திரமாக வைப்பார்கள்."

"கேட்டீர்களா? என்னிடம் இருப்பதே மூளை ஒன்றுதான். அதை எடுத்து எறிந்த பிறகு நான் வந்து என்ன ஆலோசனை சொல்வேன்? தளவாய் அப்படியில்லை. கொக்கிக்கு வேலையே வைக்காமல் பிறந்திருக்கிறார். அப்படியே உப்பில் போடலாம்!"

சபை கொல்லென்று சிரித்தது. ராஜா மட்டும் சிரிக்கவில்லை. "நியாயந்தான். தளவாயையே போடுங்கள்" என்றான்.

குஞ்சிதபாதம் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். "ஐயோ மகாராஜா, வைத்தியர் எனக்கு உப்பைக் குறைக்கச் சொல்லியிருக்கிறார்! மந்திரியாரே, நீங்கள்தான் காப்பாற்ற வேண்டும்!"

அம்பலவாணருக்கு மனம் இளகிவிட்டது. "பொம்மை போதுமென்று மரைக்காயர் சொன்னாரே மகாராஜா. தளவாயைப் போல ஒன்று செய்துவிடலாம்."

"சரி. அந்தக் கொக்கி... எனக்குமா?"

"முதல் மரியாதை உங்களுக்குத்தானே மகாராஜா? முதல் கொக்கியும் உங்களுக்குத்தான்."

ராஜா இரண்டு கையாலும் மூக்கைப் பொத்திக்கொண்டான். "பிரமிடும் வேண்டாம், ஒரு மண்ணும் வேண்டாம்!" என்று அலறினான். உயிரையும் மூக்கையும் காப்பாற்றிய மந்திரிக்குத் தன் முத்துமாலையைப் போட்டான். தளவாயை உப்பளத்துக்குக் காவலாக அனுப்பினான். அம்பலவாணர் வீட்டுக்குப் போய்ப் பாகற்காய்க் குழம்பை மூன்று தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

அதற்குள் குயவர் பொம்மையைச் செய்து கொண்டுவந்துவிட்டார். வீணாக்குவானேன் என்று அதைத் தளவாயின் ஆசனத்திலேயே உட்கார்த்தி வைத்தார்கள்.

மூன்று மாதம் கழித்து ராஜா அதைப் பார்த்து மெச்சினான்: "நம் தளவாய்க்கு இப்போதுதான் புத்தி வந்திருக்கிறது. எவ்வளவு யோசித்துப் பேசுகிறார் பாருங்கள்!"