லியோபா மேடு

இங்கிலாந்தின் தெற்கே ஒரு சின்ன ஊர். பெயரைச் சொன்னால் தேடிக்கொண்டு போய் நின்று படம் எடுப்பீர்கள், அதனால் சொல்லப்போவதில்லை. முப்பது வீடு, ஒரு தேவாலயம், ஒரு மதுக்கடை. சுற்றிலும் சுண்ணாம்புக் குன்றுகள். எங்கே ஒரு சாண் தோண்டினாலும் வெள்ளை மண்.

ஊர் நடுவே ஓர் ஓடை. கோடையில் அது இருக்காது. அதன் படுகையில் ஆடு மேயும். பெய்கிற மழையை எல்லாம் குன்று குடித்து வைத்துக்கொள்ளும். பிறகு ஜனவரிக் குளிரில், மழை நின்றுபோன ஒரு நாளில், தரைக்கு அடியிலிருந்து தண்ணீரை மேலே விடும். வந்தால் வாரக்கணக்கில் வடியாது.

குன்றின் உச்சியில், பக்கத்து ஊரோடு எல்லை சேரும் இடத்தில், ஒரு மண்மேடு. ரோமானியர் போட்ட சாலை அதை இடிக்காமல் விலகிப் போகிறது. அப்படியானால் சாலைக்கும் மூத்தது அந்த மேடு. லியோபா மேடு என்று பெயர். ஒவ்வொரு மே மாதமும் இரண்டு ஊர்க்காரர்களும் சேர்ந்து எல்லையை நடந்து பார்ப்பார்கள். மேட்டுக்கு வந்ததும் கழியால் மூன்று முறை தட்டி அந்தப் பெயரைச் சொல்வார்கள்.

லியோபா யார்? ராணி என்கிறார் பள்ளி ஆசிரியர். மதுக்கடையில் கேட்டால் சூனியக்காரி என்கிறார்கள். நூற்றைம்பது ஆண்டுக்கு முன் சில கனவான்கள் மேட்டைத் தோண்டிப் பார்த்தார்கள். அடியில் ஒரு பானை, ஓர் எலும்புச் சீப்பு, ஓர் ஆணின் எலும்புக்கூடு. மேல் மண்ணில் சில பிஞ்சு எலும்புகள். நரிக்குட்டி என்று எழுதிவைத்துவிட்டு மூடினார்கள். படித்தவர்கள், என்ன செய்வது.

எனக்குத் தெரிந்த கதை வேறு.

ஆயிரத்து இருநூறு ஆண்டுக்கு முன் அந்த ஊரில் வைக்கோல் கூரை போட்ட ஒரு மடம் இருந்தது. ஆண்களும் பெண்களும் அதில் இருந்தார்கள். அதன் தலைவி மில்கித். அவருக்கு அப்போது முப்பத்தைந்து வயது இருக்கும். சீடன் ஒஸ்ரிக் ஐம்பதைத் தாண்டியவன். மனைவியைப் பறிகொடுத்த பிறகு மடத்துக்கு வந்து, அங்கேதான் எழுத்துக் கற்றுக்கொண்டான். வயதில் மூத்தவனானாலும் அவரைத் தாயே என்றுதான் கூப்பிடுவான்.

அரசன் அந்த ஊரை மடத்துக்குத் தானமாகக் கொடுத்திருந்தான். அந்தக் காலத்தில் வரைபடம் கிடையாது. இரண்டு ஊர்ப் பெரியவர்களும் எல்லையை நடந்து, ஒவ்வோர் அடையாளத்தையும் தொட்டு, சத்தியம் செய்து சொல்வார்கள். அதைத் தோலில் எழுதி வைப்பார்கள். எழுதும் வேலை ஒஸ்ரிக்குக்கு வந்தது.

எழுதியதை அவன் படித்துக் காட்டினான்.

“ஊற்றிலிருந்து சாம்பல்நிறக் கல்லுக்கு. கல்லிலிருந்து பழைய சாலைக்கு. சாலை வழியே வளைந்த முள்மரத்துக்கு. முள்மரத்திலிருந்து, அஞ்ஞானிகள் மேட்டை உள்ளே விட்டு, அதைச் சுற்றிக்கொண்டு...”

“சுற்றிக்கொண்டா?” என்றார் மில்கித். “மேட்டு உச்சி வரைக்கும்னுதானே பெரியவங்க சத்தியம் பண்ணாங்க?”

ஒஸ்ரிக் தலையைக் குனிந்துகொண்டான்.

“வா, நடந்துட்டு வரலாம்” என்றார் அவர்.

இருவரும் குன்றேறி அந்த மேட்டுக்குப் போனார்கள். கிறிஸ்து சமயம் வருவதற்கு முன் செத்தவர்கள் கிடக்கும் இடம் என்பதால் அதற்கு அஞ்ஞானிகள் மேடு என்று பெயர். ஞானஸ்நானம் பெறாமல் செத்தவர்களையும் ஊர்க்காரர்கள் அங்கேதான் கொண்டுபோய்ப் புதைப்பார்கள். கல்லறைத் தோட்டத்தில் அவர்களுக்கு இடம் கிடையாது.

“இங்கே உனக்கு யார் இருக்கா?” என்று கேட்டார் மில்கித்.

“என் பொண்ணு.”

அவர் புல்லின்மேல் உட்கார்ந்தார். அவன் நின்றுகொண்டே சொன்னான்.

“பதினெட்டு வருஷம் ஆச்சு, தாயே. எங்க வீடு ஓடைக்கு அந்தப் பக்கம். குழந்தை பிறந்து நாலாம் நாள் ஓடை பொங்கிடுச்சு. ஞானஸ்நானம் கொடுக்கிற கோயில் இந்தப் பக்கம். நான் இந்த ஊர்க்காரன் இல்ல. மேற்கே, களிமண் பூமி எங்களுது. எங்க ஆறு மழை பேஞ்சா ஏறும், நின்னா ரெண்டே நாள்ல இறங்கிடும். மழைதான் நின்னுடுச்சே, நாளைக்கு வடிஞ்சிடும்னு நினைச்சேன். மறுநாளும் அப்படித்தான் நினைச்சேன். இது அடியிலேருந்து வர்ற தண்ணின்னு எனக்குத் தெரியல.”

“ஊர்ல யாரும் சொல்லலையா?”

“நான் கேட்கல. தண்ணியைப் பத்தி எனக்குத் தெரியாதான்னு ஒரு திமிரு.”

காற்று வேகமாக அடித்தது. அவன் கீழே தெரிந்த ஓடையைப் பார்த்தபடி சொன்னான்.

“இடுப்பளவு தண்ணி. குளிர்ல குழந்தைக்கு ஏதாவது ஆயிடும்னு பயந்தேன். பத்தாம் நாள் வீட்டுக்குள்ளேயே செத்துப்போச்சு. அன்னைக்கு அதே தண்ணியில இறங்கி நடந்தேன் தாயே, அவளைத் தலைக்கு மேல தூக்கிக்கிட்டு. உயிரோட இருந்தப்போ தாண்டாத தண்ணியை அப்பத்தான் தாண்டினேன். பாதிரியார் தோட்டத்துல இடமில்லன்னுட்டார்.”

மில்கித் தன் பக்கத்துப் புல்லைக் கையால் காட்டினார். அவன் உட்காரவில்லை.

“அதோட விட்டிருந்தாலும் பரவாயில்ல. போன வருஷம் பிரதி எடுக்க ஒரு புத்தகம் கொடுத்தீங்க. சாகக் கிடக்கிற குழந்தைக்கு யார் வேணும்னாலும் ஞானஸ்நானம் கொடுக்கலாம்னு அதுல எழுதியிருந்தது. பாதிரியார் வேண்டாமாம். ஒரு கை தண்ணி போதுமாம்.” அவன் சிரிக்கப் பார்த்தான். முடியவில்லை. “என் வாசப்படியில நின்னுது தாயே, தண்ணி. ஆறு நாளா நின்னுது.”

மில்கித் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அந்தப் புத்தகத்தை அவன் கையில் கொடுத்தவர் அவர்தான்.

“அவ இப்ப எங்கே இருக்கா?” என்று கேட்டான் ஒஸ்ரிக்.

“எனக்குத் தெரியாது.”

“சொர்க்கத்துக்கு வெளியேன்னு புத்தகம் சொல்லுது. ஊருக்காவது உள்ளே இருக்கட்டும்னுதான் அப்படி எழுதினேன்.”

மில்கித் எழுந்தார். ஆடையில் ஒட்டிய புல்லைத் தட்டினார்.

“பேர் வெச்சீங்களா?”

“ஞானஸ்நானம் இல்லாம பேர் ஏது? அவ அம்மா மட்டும் காதோரமா லியோபான்னு கூப்பிடுவா. அடுத்த மாசமே அவளும் போயிட்டா.”

“அப்போ அந்தப் பேர் உனக்கு மட்டும்தான் தெரியும்.”

“இப்ப உங்களுக்கும்.”

மடத்துக்குத் திரும்பியதும் மில்கித் சிறு கத்தியை எடுத்து, மேட்டைச் சுற்றிப் போன வரியைத் தோலிலிருந்து சுரண்டினார். ஒஸ்ரிக் பார்த்துக்கொண்டே நின்றான். மகளை இரண்டாம் முறை வெளியே போட்டதுபோல் இருந்தது அவனுக்கு.

“பொய்க் கோட்டுக்குள்ள அவ இருக்க வேண்டாம்” என்றார் மில்கித். “மேட்டு உச்சி வரைக்கும்னு எழுது.”

எழுதினான்.

“எந்த மேடு?”

“அஞ்ஞானிகள் மேடு.”

“அந்தப் பேரை எழுதாதே. இடம் விட்டு வை.”

மறுநாள் இரண்டு ஊர்ப் பெரியவர்களையும் மில்கித் மேட்டுக்கு வரவழைத்தார். பக்கத்து ஊர்த் தலைவன் ஹுன்வால்டு கோபமாக வந்தான். அடித்தொண்டையில் பேசுகிற, ஆறடி உயர ஆள்.

“கோடு மாறிப்போச்சாம்மா?”

“கோடு மாறல. அஞ்ஞானிகள் மேடுன்னு உங்க பக்கமே மூணு இருக்கு. நாளைக்கு எந்த மேடுன்னு சண்டை வரக் கூடாது. இதுக்குன்னு தனியா ஒரு பேர் வேணும்.”

“வெச்சுக்கங்க. மண்ணு எங்களுது எங்களுக்கு வந்தா சரி.”

“லியோபா மேடு” என்றார் மில்கித்.

ஹுன்வால்டு தோளைக் குலுக்கினான். வழக்கப்படி கழியை வாங்கி மேட்டில் மூன்று முறை தட்டினான். ஆடு மேய்த்துப் பழகிய குரலில், பள்ளத்தாக்குக்கே கேட்கும்படி, “லியோபா!” என்று கத்தினான். அடுத்தவர் கழியை வாங்கிக்கொண்டார். அவருக்கு அடுத்தவரும் வாங்கினார். பதினோரு பேர் தட்டினார்கள், பதினோரு பேர் சொன்னார்கள்.

ஒரு பெண் காதோரம் மட்டும் சொன்ன பெயர் அது. ஒஸ்ரிக் முள்மரத்தைப் பிடித்துக்கொண்டு அழுதான். பெரியவர்கள் அவனைப் பார்க்காததுபோல் நின்றார்கள்.

“யாரும்மா அது, லியோபா?” புறப்படும்போது ஹுன்வால்டு கேட்டான். “பழைய ராணியா?”

மில்கித் கையசைத்து அவனை வழியனுப்பினார். பெரியவர்கள் எல்லோரும் இறங்கிப் போனார்கள்.

“மேடு எல்லையிலதானே இருக்கு, தாயே” என்றான் ஒஸ்ரிக். “அவ உள்ளே வரலையே.”

“உள்ளே கிடக்கிறவங்களை எந்த ஊர் வருஷா வருஷம் திரண்டு போய்ப் பேர் சொல்லிக் கூப்பிடுது?”

ஒஸ்ரிக் மேட்டைப் பார்த்தான். கழி பட்ட இடத்தில் புல் கிழிந்து வெள்ளை மண் தெரிந்தது. அவன் குனிந்து அதைக் கையால் மூடினான்.

“நீங்களும் போயிடுவீங்க, நானும் போயிடுவேன். அதுக்கப்புறம் அவ யாருன்னு யாருக்குத் தெரியும்?”

“யாருக்கும் தெரியாது” என்றார் மில்கித்.

சில அடி இறங்கியபின் நின்று திரும்பினார்.

“யாருன்னு கேட்பாங்க.”