பூஅஸ்ஸாவின் அடுப்பு

ஃபெஸ் நகரத்தின் அந்தத் தெருவில் எல்லா வீட்டு ரொட்டியும் பூஅஸ்ஸாவின் பொது அடுப்பில்தான் வெந்தது. ரொட்டித் தொழிற்சாலை முதலாளி ஹாஜி தாஹிர் தேர்தலில் நின்றபோது அடுப்புக்காரன் பூஅஸ்ஸாவைத் தேடி வந்தார்.

“நான் இந்தத் தெருவில வளந்தவன், உன் அடுப்பு ரொட்டி தின்னவன்னு கூட்டத்துல சொல்லு. இல்லேன்னா ஜெயிச்சதும் அடுப்பை இடிச்சுடுவேன்.”

“சொல்லிட்டாப் போச்சு, ஹாஜி.”

மறுநாள் மேடையில், கேமராக்களுக்கு முன்னால், பூஅஸ்ஸா பணிவாகக் கேட்டான். “ரொட்டி மாறிப்போகாம இருக்க ஒவ்வொரு வீட்டிலயும் மாவுமேல ஓர் அடையாளம் போடுவாங்க. உங்க அம்மா என்ன போட்டாங்க, ஹாஜி?”

தாஹிர் சற்று யோசித்தார். “எங்க பேருதான். உறைமேல பெரிசா அச்சடிச்சிருக்கும்.”

“உறையோடயா அடுப்புல வச்சாங்க?” என்றாள் முன்வரிசையில் ஒருத்தி. கூட்டமே சிரித்தது.

பூஅஸ்ஸா கையமர்த்தினான். “சிரிக்காதீங்க. ஹாஜி நாளைக்கே மாவு கொண்டுவரட்டும். இங்க ரொட்டி சுடுறவர் இந்தத் தெரு ஆளுதான். இந்த அடுப்பு இருக்கிறவரைக்கும் அவரை யாரும் வெளியாள்னு சொல்ல முடியாது.”

தாஹிர் ஒலிவாங்கியைப் பிடுங்கினார். “இந்த அடுப்புமேல எவனையும் கைவைக்க விடமாட்டேன்!” என்று வியர்க்க விறுவிறுக்கச் சத்தியம் செய்தார்.

தெரு முழுவதும் கைதட்டியது. தனக்குத்தான் என்று அவர் நினைத்துக்கொண்டார்.